நின்றுபோன நாழிகை

காலத்தை வளைத்துப் பார்க்கும் ஆசை தமிழ்த் திரைப்படத்திற்கு அண்மைக் காலத்தில் மிகுந்திருக்கிறது. 2015இல் வெளிவந்த ‘இன்று நேற்று நாளை’ காலப் பொறி ஒன்றைச் சென்னைத் தெருவுக்குக் கொண்டுவந்தது. 2016இல் ‘24’ ஒரு கைக்கடிகாரத்துக்குள் காலத்தை அடக்கியது. 2021இல் ‘மாநாடு’ ஒரே நாளை ஓர் இளைஞன் திரும்பத் திரும்ப வாழும்படி செய்தது. இவற்றுக்கெல்லாம் முன்பே, 2010ஆம் ஆண்டுப் பொங்கலையொட்டி வெளிவந்த செல்வராகவனின் ‘ஆயிரத்தில் ஒருவன்’ வேறொன்றைச் செய்தது. அது காலத்தை முன்னும் பின்னும் ஓட்டவில்லை, ஓரிடத்தில் நிறுத்திவிட்டது. (இதே பெயரில் 1965இல் பந்துலு இயக்க, எம்.ஜி.ஆர். நடித்த படத்துக்கும் இதற்கும் பெயரைத் தவிர உறவில்லை.)

படம் வந்தபோது நான் பார்க்கவில்லை. பதினைந்து ஆண்டுகளுக்குப் பிறகு, ஒரு திருவருகைக் காலத்தில், எங்கள் பங்கு இளையோர் ‘காத்திருத்தல்’ என்னும் பொருளில் கலந்துரையாடல் நடத்த விரும்பி இப்படத்தைத் தேர்ந்தெடுத்தார்கள். அடுத்தவாறு, எனக்குச் சிறிது தயக்கம் இருந்தது. குருதியும் கொச்சை மொழியும் மலிந்த படம். குடும்பத்தோடு அமர்ந்து பார்க்கத் தக்கதன்று. சில காட்சிகளை ஓட்டிவிடுவது என்னும் உடன்படிக்கையின் பேரில் ஒப்புக்கொண்டேன். மூன்று மணி நேரம் பங்கு மண்டபத்தின் பிளாஸ்டிக் நாற்காலியில் அமர்ந்து பார்த்துவிட்டு எழுந்தபோது, கல்லூரி மாணவர் ஒருவர் கேட்டார்: “ஃபாதர், அந்தத் தூதுவன் ஏன் எல்லாரையும் காப்பாற்றவில்லை?” அன்றிரவு நான் சொன்ன விடை எனக்கே நிறைவளிக்கவில்லை. அதனால்தான் இக்கட்டுரை.

கதையைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். ஆண்டு 1279. பாண்டியர் கை ஓங்கிச் சோழப் பேரரசு சரிகிறது. சோழ இளவரசனும் மக்களும், பாண்டியர் புனிதமாகப் போற்றிய சிலை ஒன்றையும் எடுத்துக்கொண்டு, கடல் கடந்து மறைந்துவிடுகிறார்கள். ஒருநாள் தாய்நாட்டிலிருந்து தூதுவன் ஒருவன் வருவான், தஞ்சைக்கு அழைத்துச் செல்வான் என்பது அவர்களுக்குச் சொல்லப்பட்ட வாக்கு. எழுநூறு ஆண்டுகள் கடந்தபின், நம் காலத்தில், காணாமற்போன தொல்லியல் அறிஞர் ஒருவரைத் தேடி ஒரு குழு வியத்நாமை ஒட்டிய தீவுக்குப் போகிறது. அனிதா என்னும் அதிகாரி, அறிஞரின் மகள் லாவண்யா, சுமை தூக்குவோரின் தலைவனாகிய முத்து ஆகிய மூவரே இறுதியில் அந்த மறைவிடத்தை அடைகிறார்கள். அங்கே சோழ மன்னன் இன்னும் ஆண்டுகொண்டிருக்கிறான். அவனுக்கு ஆண்டு 1279தான். அனிதா தன்னைத் தூதுவன் என்று சொல்லிக்கொள்கிறாள். அவளோ பாண்டியரின் வழித்தோன்றல், சிலையை மீட்கவும் பழிதீர்க்கவும் வந்தவள். உண்மைத் தூதுவன் முத்து என்பது காலம் கடந்தே தெரியவருகிறது. படை வருகிறது. மன்னன் மடிகிறான், மக்கள் அழிகிறார்கள். முத்து சோழச் சிறுவனாகிய இளவரசனோடு தப்புகிறான்.

இது வரலாறு அன்று. வரலாற்றின் ஒரு விளிம்பைப் பிடித்துக்கொண்டு கட்டிய கற்பனை உலகம். ஆகவே ‘இப்படி நடந்திருக்க முடியுமா’ என்று கேட்பது பயனற்ற வேலை. அந்த உலகத்தில் காலம் ஏன் நின்றது என்று கேட்பதே தக்கது. இங்கே மந்திரக் கடிகாரம் ஏதுமில்லை. மக்கள் பிறக்கிறார்கள், சாகிறார்கள். கதிரவன் எழுகிறான், விழுகிறான். பார்க்கப்போனால், நடராசர் உருவில் விழும் நிழலுக்குள் நடந்து அக்குழுவினர் கடக்கும் அந்தப் புகழ்பெற்ற காட்சியில் கதிரவனின் நாழிகை பிசகாமல் ஓடுகிறது. மலைக்கு அப்பால்தான் அது ஓடவில்லை.

முதலில் மொழியைப் பார்ப்போம். பார்த்திபன் ஏற்ற சோழ மன்னன் பேசுவது பழந்தமிழ் போல ஒலிக்கிறது. இது பதின்மூன்றாம் நூற்றாண்டுத் தமிழன்று. அக்காலக் கல்வெட்டுத் தமிழைப் படித்தவர்களுக்கு அதன் கணக்கு வழக்குகளும், கிரந்த எழுத்தில் விரவிவரும் வடசொற்களும் நினைவிருக்கும். மன்னன் பேசுவது இருபதாம் நூற்றாண்டில் நாம் பழமைக்கெனச் சமைத்துக்கொண்ட மேடைத் தமிழ். ஆயினும் இதைக் குறையென்று தள்ளிவிட மனம் வரவில்லை. ஏனெனில் இக்குறைக்குள் ஓர் உண்மை ஒளிந்திருக்கிறது. சந்தையில் பேரம் பேசவும், அண்டை வீட்டாரோடு சண்டையிடவும், பிள்ளையைக் கொஞ்சவும் பயன்படும் மொழி எழுநூறு ஆண்டுகள் மாறாமல் இருக்க முடியாது. வழிபாட்டுக்கு மட்டும் ஒதுக்கப்பட்ட மொழியே மாறாமல் இருக்கும். என் தாயார் சிறுமியாக இருந்தபோது இலத்தீன் திருப்பலியில் பொருள் தெரியாமலே பிழையின்றிப் பதில் சொல்லுவாராம். அம்மொழி உறைந்து நின்றதற்குக் காரணம், அதில் எவரும் மீன் வாங்கியதில்லை என்பதே. அந்த மலைக்குள்ளும் எவரும் மீன் வாங்குவதாகத் தெரியவில்லை. அங்கே சந்தையில்லை, களமில்லை, ஏரில்லை. இருப்பதெல்லாம் அரசவை, சடங்கு, பசி.

பசியைத்தான் படம் மறக்க முடியாதபடி காட்டுகிறது. ஒட்டிய வயிறும் குழிந்த கண்களுமாய் ஒரு மக்கள்திரள். ஏழு நூற்றாண்டு ஓரிடத்தில் இருந்தவர்கள் அங்கே ஏன் ஒரு வயலையும் உண்டாக்கவில்லை? காவிரிக் கரையில் ஏரி வெட்டியும் வாய்க்கால் எடுத்தும் பழகிய மரபினர் அல்லவா அவர்கள்? அரங்கில் அமர்ந்து பார்த்தபோது எனக்குத் தோன்றிய விடை இது: நாளை தஞ்சைக்குப் போகப்போகிறவன் இங்கே எதற்கு விதைக்க வேண்டும்? காத்திருத்தல் அவர்கள் கையிலிருந்து விதையைப் பறித்துவிட்டது. காலம் நின்றது அதனால்தான்.

மேலும் ஒன்று. அவர்கள் காத்திருக்கும் தஞ்சை எது? 1216இல் அரியணை ஏறிய முதலாம் மாறவர்மன் சுந்தரபாண்டியன் தஞ்சையையும் உறந்தையையும் எரியூட்டியதை அவனுடைய மெய்க்கீர்த்தியே பெருமையோடு பேசுகிறது. சோழரின் தலைநகரமோ முதலாம் இராசேந்திரன் காலத்திலேயே கங்கைகொண்ட சோழபுரத்துக்குப் போய்விட்டது. அப்படியானால் 1279இல் புறப்பட்டவர்கள் விட்டுவந்த தஞ்சை, எரிந்து அறுபது ஆண்டு கடந்த, அரசன் குடியிராத ஊர். அவர்கள் கண்ணில் மின்னுவது இராசராசன் பெரிய கோயிலை எழுப்பி முடித்த 1010ஆம் ஆண்டுத் தஞ்சை. அவர்களுடைய நாழிகை புறப்பட்ட நாளில்கூட நிற்கவில்லை; அதற்கும் இருநூற்றறுபத்தொன்பது ஆண்டு பின்னே போய் நின்றிருக்கிறது. நாடு இழந்தவர்களின் நினைவு இப்படித்தான் வேலைசெய்யும்: விட்டுவந்த நாளை விட்டுவிட்டு, ஒளி மிகுந்த நாளைப் பற்றிக்கொள்ளும். படம் வெளிவந்த 2010ஆம் ஆண்டிலேயே நம் மாநிலமும் பெரிய கோயிலின் ஆயிரமாவது ஆண்டை விழாவெடுத்துக் கொண்டாடியது. நாம் மட்டும் மலைக்கு வெளியே இருக்கிறோம் என்று நினைத்துவிடக்கூடாது.

இவ்விடத்தில் படத்தின் மிக நுட்பமான பகுதிக்கு வருகிறேன். காலம் நின்றுபோனது சோழர் மலைக்குள் மட்டும்தானா? அனிதாவைப் பாருங்கள். நம் காலத்து ஆடை, நம் காலத்துத் துப்பாக்கி, நம் காலத்துப் பதவி. ஆனால் அவள் உள்ளத்தில் எழுநூறு ஆண்டுப் பழைய சினம் ஆறாமல் கிடக்கிறது. அவளும் 1279இலேதான் வாழ்கிறாள். ஒரு பக்கம் காத்திருத்தல் உறைந்திருக்கிறது, மறுபக்கம் பழி உறைந்திருக்கிறது. இரண்டும் சந்திக்கும் இடமே இப்படம். திருப்பாடல்களுள் 137ஆவது, பாபிலோன் ஆற்றோரம் அமர்ந்து அழுத நாடிழந்தவர்களின் பாடல். அதன் தொடக்கத்தை நாம் உருக்கமாகப் பாடுகிறோம். பகைவரின் குழந்தைகளைப் பற்றிய அதன் கொடிய முடிவை வழிபாட்டில் விட்டுவிடுகிறோம். வைரமுத்து எழுதிய புலம்பற் பாடலை இப்படத்தில் கேட்டபோது எனக்குத் திருப்பாடலின் தொடக்கம் நினைவுக்கு வந்தது. அனிதாவின் படை வந்தபோது அதன் முடிவு நினைவுக்கு வந்தது. ஒரே பாடலின் இரு முனைகளும் இங்கே இரண்டு மாந்தராக எதிரெதிரே நிற்கின்றன.

விவிலியத்தை அறிந்தவர்கள் அனிதாவின் இன்னொரு முகத்தையும் உடனே அடையாளம் கண்டுகொள்வார்கள். எரேமியா நூலின் 28ஆம் அதிகாரத்தில் வரும் அனனியா என்னும் இறைவாக்கினன் அவன். இரண்டே ஆண்டுகளில் பாபிலோனிலிருந்து எல்லாரும் திரும்பிவிடுவார்கள் என்று கோயிலில் முழங்கியவன். எரேமியாவின் கழுத்திலிருந்த நுகத்தை எடுத்து உடைத்தவன். அவன் சொன்னதைக் கேட்டு எரேமியா முதலில் என்ன சொன்னார் தெரியுமா? ஆமென், ஆண்டவர் அப்படியே செய்வாராக என்றார். அவருக்கும் ஆசை இருந்தது! ஆனால் அடுத்த அதிகாரத்தில் அவர் நாடுகடத்தப்பட்டோருக்கு எழுதிய கடிதம் வேறு செய்தி சொல்லுகிறது. வீடு கட்டிக் குடியிருங்கள், தோட்டமிட்டு அதன் கனியை உண்ணுங்கள், மணம் முடியுங்கள், பிள்ளை பெறுங்கள், நீங்கள் இருக்கும் நகரின் நலனுக்காக மன்றாடுங்கள் என்பது அதன் சாரம். எழுபது ஆண்டு கழித்து மீட்பு வரும் என்ற வாக்கும் அதே கடிதத்தில்தான் உண்டு. தோட்டமும் வாக்கும் அங்கே பகையல்ல. வாக்கை நம்புகிறவனே தோட்டம் இடுகிறான்.

செல்வராகவனின் உலகத்தில் அனனியா உண்டு, எரேமியா இல்லை. அரசகுரு இருக்கிறார், குறிகள் இருக்கின்றன, வாக்கு இருக்கிறது. விதை விதைக்கச் சொல்ல ஒருவருமில்லை. இது படத்தின் குறையா, அதன் உட்பொருளா என்று நெடுநாள் எண்ணிப் பார்த்தேன். உட்பொருள் என்றே கொள்கிறேன். அந்த அளவுக்கு இது பெரும்பாலான நம் வரலாற்றுப் பகட்டுப் படங்களைவிட நேர்மையான படம். சோழப் பெருமையை விற்கவந்த படம் பசித்த குழந்தையைக் காட்டியிருக்காது.

ஆனால் முடிவில் அந்த நேர்மை தடுமாறுகிறது. உண்மைத் தூதுவன் யார்? கூலிக்காரன். படிப்பில்லாதவன், நாகரிகமற்ற பேச்சுக்காரன், குழுவில் எவராலும் மதிக்கப்படாதவன். தச்சனின் மகன் என்று நாசரேத்தூரார் இகழ்ந்ததைக் கேட்டு வளர்ந்த நமக்கு இந்தத் தேர்வு இனிக்கிறது. ஆனால் அவன் எதனால் தூதுவனாக அறியப்படுகிறான்? அடையாளங்களால், பழைய வாக்கின் குறிகளால். சிறையிலிருந்த திருமுழுக்கு யோவான் தம் சீடரை அனுப்பி, வரவேண்டியவர் நீர்தாமா என்று கேட்டபோது இயேசு தம் உடலில் எந்த அடையாளத்தையும் காட்டவில்லை. பார்வையற்றோரையும் கால் ஊனமுற்றோரையும் ஏழைகளையும் சுட்டிக் காட்டினார். இவர்களுக்கு என்ன நேர்கிறது என்று பார்த்துவிட்டுப் போய்ச் சொல்லுங்கள் என்றார். அந்த அளவுகோலைப் படத்தின் முடிவில் வைத்துப் பாருங்கள். பசித்த மக்களுக்கு என்ன நேர்ந்தது? அழிந்தார்கள். பெண்கள் இழிவுபடுத்தப்பட்டார்கள். தப்பியவன் யார்? இளவரசன்.

மாணவர் கேட்ட கேள்விக்கு என் விடை இதுதான். தூதுவன் எல்லாரையும் காப்பாற்றவில்லை; ஏனெனில் கதைக்கு வேண்டியது குருதிக்கொடி, மக்கள் அல்லர். ஓர் அரசமரபின் கடைசித் தளிர் பிழைத்துவிட்டால் ‘சோழர் பயணம் தொடரும்’ என்று கதை நிறைவுகொள்கிறது. மக்கள் முழுவதும் அழிவதைவிட ஒருவன் மடிவது நலம் என்று கயபா சொன்னான். அது கொடிய கணக்கு, என்றாலும் இறைவன் அதைத் தலைகீழாக்கி மீட்பாக மாற்றினார் என்று யோவான் நற்செய்தி விளக்குகிறது. இப்படத்தின் கணக்கோ கயபாவினுடையதைவிடக் கடினமானது. ஒருவன் பிழைக்க மக்கள் முழுவதும் மடியலாம். தொண்ணூற்றொன்பது ஆடுகளை விட்டுவிட்டு ஒன்றைத் தேடிப்போன ஆயன், வழிதவறியது என்பதற்காகவே அதைத் தேடினார். அது உயர்குலத்து ஆடு என்பதற்காக அன்று. ‘ஆயிரத்தில் ஒருவன்’ என்னும் தலைப்பு எனக்கு இப்போது சற்றே கசக்கிறது. மீதித் தொள்ளாயிரத்துத் தொண்ணூற்றொன்பது பேரின் பெயரென்ன?

(ஓர் இடைக்குறிப்பு. 2021ஆம் ஆண்டுப் பிறப்பன்று இரண்டாம் பாகம் அறிவிக்கப்பட்டது. 2024இல் வரும் என்றார்கள். அந்த ஆண்டு வந்துபோனது, படம் வரவில்லை. எங்கள் இளையோர் இன்னும் நம்பிக்கையோடு இருக்கிறார்கள். தூதுவனுக்காகக் காத்திருப்பது தொற்றுநோய் போலும்.)

கட்டுரையை இங்கே முடித்திருக்கலாம். மன்னன் மீது நான் சுமத்திய குற்றம் என்னை விடவில்லை. விதைக்காதவன் என்று அவனைக் குறைகூறினேன். அது முழு நீதியா?

ஆவடியையும் அம்பத்தூரையும் சுற்றியுள்ள எங்கள் பகுதிகள் பெரும்பாலும் வந்தேறியவர்களால் ஆனவை. 1960களில் ஆவடிக்குக் கனரக வாகனத் தொழிற்சாலையும் அம்பத்தூருக்குத் தொழிற்பேட்டையும் வந்தபின் தென்மாவட்டங்களிலிருந்து எத்தனையோ கத்தோலிக்கக் குடும்பங்கள் பிழைப்புத் தேடி வந்தன. வீடு மந்திரிக்கப் போகும்போது பார்த்திருக்கிறேன்: முப்பது ஆண்டு குடியிருந்த வீட்டின் வெளிச்சுவர் பூசப்படாமல் செங்கல் தெரிய நிற்கும். கேட்டால், “ஓய்வு பெற்றதும் ஊருக்குப் போய்விடுவோம் சாமி, இதற்கு எதற்குச் செலவு” என்பார்கள். ஊரிலோ அவர்கள் பெயரில் ஒரு சுவரும் இராது. இவர்களைப் பார்த்து எரேமியாவின் கடிதத்தை வாசிக்க எனக்கு உரிமை உண்டு. சுவரைப் பூச இவர்களை எவரும் தடுக்கவில்லை.

ஆனால் தடுக்கப்பட்டவர்களும் நம் அருகில் இருக்கிறார்கள். படம் வெளிவந்தது 2009 மே மாதத்து முள்ளிவாய்க்கால் அழிவுக்கு எட்டு மாதங்களுக்குள். இயக்குநரின் எண்ணம் எதுவாயினும், கடலுக்கு அப்பால் ஒரு தமிழ் மக்கள்திரள் படைவலிமையின் முன் அழிவதை அன்று திரையில் கண்டவர் பலர் அப்படித்தான் கண்டார்கள். 1983 முதல் அலையலையாக இங்கே வந்த ஈழத் தமிழர் கும்மிடிப்பூண்டியிலும் புழலை அடுத்த காவாங்கரையிலும் மாநிலமெங்கும் முகாம்களில் தங்கவைக்கப்பட்டார்கள். பூந்தமல்லியில் ஒரு காலத்தில் சிறப்பு முகாம் என்ற பெயரில் மதிலுக்குள் வைக்கப்பட்டவர்களும் உண்டு. 2021இல் அரசு இவற்றை மறுவாழ்வு முகாம்கள் என்று பெயர் மாற்றிப் புதிய வீடுகளை அறிவித்தபோது, நூற்றுக்கு மேற்பட்ட முகாம்களில் 58,000க்கு மேற்பட்டோர் இருந்தார்கள். அங்கே பிறந்து, அங்கேயே படித்து, மணம் முடித்துப் பிள்ளை பெற்றவர்கள் பலர். அவர்களுள் மிகப் பலருக்கு இந்த நாட்டின் குடியுரிமை இல்லை. பார்த்தறியாத அந்த நாடே அவர்களுடைய நாடு. அவர்கள் வீடு கட்ட நினைத்தால் நிலம் அவர்களுடையதன்று. எரேமியாவின் கடிதம் அவர்கள் கையில் கிடைத்தாலும், தோட்டமிட மண்ணைத் தருவது யார்?

அந்த மலைக்குள் விளைநிலம் இருந்ததா என்று நான் மன்னனைக் கேட்கவே இல்லை. பாறைக்குள் ஒளிந்துகொள்ள வேண்டிய அச்சம் அவனுக்கு எங்கிருந்து வந்தது என்றும் கேட்கவில்லை. நாழிகை சில வேளை காத்திருப்பவனால் நிற்கிறது. சில வேளை வெளியிலிருந்து ஒருவர் அதன் முள்ளைப் பிடித்து நிறுத்துகிறார். இரண்டையும் ஒன்றாக்கிப் பேசியது என் பிழை. படமும் இந்த வேறுபாட்டைச் செய்யவில்லை.

சில ஆண்டுகளுக்கு முன் சென்னைக்கு வடக்கே ஒரு முகாமுக்குக் கிறிஸ்துமசுக்கு முந்தைய வாரம் திருப்பலி நிறைவேற்றப் போயிருந்தேன். பத்துக்குப் பத்து அளவில் தகரம் வேய்ந்த அறைகள். இரண்டு அறைகளுக்கு இடையே, ஒருவர் ஒடுங்கி நடக்கும் சந்தில், முருங்கை ஒன்று நின்றது. அதை நட்ட மூதாட்டி மன்னார்ப் பக்கத்தவர். மரம் நன்றாக வந்திருக்கிறதே என்றேன். “இது நாலாவது, பாதர். முந்தின மூண்டையும் வெட்டிப்போட்டினம்” என்றார். யார் வெட்டினார்கள் என்று நான் கேட்கவில்லை; அவரும் சொல்லவில்லை. புறப்படும்போது ஒரு கட்டுக் கீரை ஒடித்துத் தந்தார். அதை ஆவடிக்குக் கொண்டுவந்து சமையற்கட்டில் வைத்தேன். ஆய்ந்துகொண்டிருந்த எங்கள் சமையற்கார அம்மா, இலைகளுக்கு நடுவே இரண்டு பூங்கொத்தும் ஈர்க்குப் போன்ற ஒரு பிஞ்சும் கிடப்பதைக் கண்டு, “சாமி, காய்க்கத் தொடங்கிய மரத்தையா ஒடித்தார்கள்?” என்று கடிந்துகொண்டார்.